கேமராவைப் பார்த்த பெண்

இன்னும் ஓடிக்கொண்டிருக்கிறது. கறுப்புத் திரையில் வெள்ளை எழுத்து மேலே மேலே போகிறது, இடது ஓரத்தில் சதவீதம் மட்டும் நின்று நின்று ஏறுகிறது, இப்போது நாற்பதைத் தாண்டியிருக்கிறது, ஏறட்டும், ஏறித் தொலையட்டும், பரிமளம் மிஸ் வருவதற்குள் இது முடிந்துவிட்டால் நான் தப்பித்தேன். லேப்டாப்புக்கு அடியில் நாலு மூலையிலும் தீப்பெட்டி வைத்துத் தூக்கிவிட்டிருக்கிறேன், காற்றுப் போகட்டும் என்று, ஆனாலும் கீபோர்டில் கை வைத்தால் தோசைக்கல் மாதிரி சுடுகிறது. அத்தை பையன் வேலைக்குப் போனதும் "உனக்குத்தான் இதெல்லாம் பிடிக்குமே" என்று தூக்கிக் கொடுத்த பழைய பெட்டி இது. இதில் ஒரு சாப்ட்வேரை சோர்ஸ் கோடிலிருந்து கம்பைல் பண்ணுவது ஒற்றை அடுப்பில் கல்யாணச் சமையல் செய்கிற மாதிரி. யாரோ, எந்த ஊரிலோ, சம்பளம் வாங்காமல் எழுதி, யார் வேண்டுமானாலும் எடுத்துக்கொள்ளலாம் என்று வைத்திருக்கிறார்கள். எழுதினதை அப்படியே ஓட்ட முடியாது. நம் கம்ப்யூட்டர்தான் ஒவ்வொரு ஃபைலாக மென்று, தனக்குப் புரிகிற மாதிரி ஆக்கி, கடைசியில் எல்லாவற்றையும் சேர்த்து ஒரு புரோகிராமாகக் கட்ட வேண்டும். மென்றுகொண்டிருக்கிறது. ஃபேன் கத்துகிறது. முன்னறையில் அம்மா கொலுசு வளையங்களைக் கோத்துக்கொண்டே குரல் கொடுக்கிறாள். "என்னடி அது, மிக்சியை ஆஃப் பண்ணாம விட்ட மாதிரி? வெடிச்சிரப் போவுது." வெடிக்காதும்மா என்கிறேன். "வெடிச்சா உங்க அத்தை என்னைத்தான் கேப்பா. ஏண்டி, உங்க மிஸ்ஸு எதுக்கு வராங்க, மறுபடியும் ஸ்கூலுக்குக் கூப்பிடவா?" படம் பாக்கம்மா. "படம் பாக்க நம்ம வீடா கெடச்சுது? ஊர்ல தியேட்டரை எல்லாம் மூடிட்டாங்களா?" வளையங்கள் தட்டில் விழுகிற சத்தம். ஐம்பதுகூட ஆகவில்லை. சனிக்கிழமை ஸ்பெஷல் கிளாஸ் மத்தியானத்தோடு விட்டுவிடும், அதற்கப்புறம் பஸ், அதற்கப்புறம் எங்கள் சந்து, எந்த நேரத்திலும் வந்துவிடுவார்.

அது ஒரு பழைய படம். கறுப்பு வெள்ளை. எங்கள் சேலத்துப் பக்கம் எடுத்தது, ராஜா ராணி குதிரை எல்லாம் வரும், பழைய படங்களைத் தேடிப் பிடித்துச் சுத்தம் பண்ணுகிற எங்கள் ஆன்லைன் குரூப்பில் அதற்குக் குதிரைப் படம் என்றுதான் பேர். ஊர் முழுக்கச் சுற்றுகிற காப்பி எல்லாம் டிவியிலிருந்து பிடித்தது, ஓரத்தில் சேனல் முத்திரை, முகம் எல்லாம் இட்லி மாவில் விரல் வைத்த மாதிரி. அப்புறம் ஒரு கம்பெனி எச்டி என்று ஒன்றை விட்டது, அது அதைவிட மோசம், எல்லாரும் மெழுகு பொம்மை, ராஜாவுக்கு மீசை மட்டும் தனியாக ஒட்டியிருந்தது. நாங்கள் எவ்வளவு சிரித்தோம். நான்தான் அதிகம் சிரித்தேன். பிறகு தியாகு அண்ணனுக்கு, அவர்தான் குரூப்பை நடத்துகிறவர், கரூர்க்காரர், ஒரு டூரிங் டாக்கீஸ்காரர் வீட்டுப் பரணிலிருந்து பிலிம் பெட்டிகள் கிடைத்தன. ஸ்கேன் பண்ணி, ஒரு ஹார்ட் டிஸ்கில் போட்டு, பார்சல் சர்வீஸில் எனக்கு அனுப்பினார். எனக்கு. குரூப்பில் பெரிய பெரிய இன்ஜினியர் எல்லாம் இருக்கும்போது எனக்கு. "மவுனிகாவுக்குத்தான் பொறுமை இருக்கு" என்று எழுதினார். எனக்குப் பொறுமையே கிடையாது, அது அவருக்குத் தெரியாது, எனக்கு நேரம் மட்டும்தான் இருந்தது, பள்ளிக்கூடம் போகாதவளுக்கு நாள் எவ்வளவு நீளம் என்று போகிறவர்களுக்குத் தெரியாது. வேலை என்ன என்றால் அழுக்கு எடுப்பது. பிலிமில் தூசி, கீறல், பூஞ்சை. சாப்ட்வேர் ஒரு பிரேமை, அதாவது பிலிமில் ஒரு கட்டத்தை, எடுத்து முந்தினதோடும் பிந்தினதோடும் ஒப்பிடும். ஒரு புள்ளி இதில் இருக்கிறது, முன்னால் அதே இடத்தில் இல்லை, பின்னால் அதே இடத்தில் இல்லை என்றால் அது தூசி. சிவப்பாகக் காட்டிக் கேட்கும், எடுக்கவா என்று. சரி என்றால் எடுத்துவிடும். அவ்வளவுதான். ஐந்து மாதம் சரி சரி சரி என்று அழுத்தினேன், கடைசியில் படம் வெளியே போனபோது எல்லாரும் கொண்டாடினார்கள், இதுவரை வந்ததிலேயே இதுதான் என்றார்கள், நானும் மூன்று நாள் தரையில் கால் படாமல் நடந்தேன். அந்த நடையை இப்போது நினைத்தால் எனக்கே என்னை அறைய வேண்டும் போலிருக்கிறது.

அந்த நடையோடுதான் அம்மாப்பேட்டை பஸ் ஸ்டாப்பில் மிஸ்ஸைப் பார்த்தேன். பார்க்காத மாதிரி போயிருக்கலாம். முன்பெல்லாம் அப்படித்தான் போவேன். பிளஸ் டூ பாதியில் நின்றவள் நான். ஏன் நின்றாய் என்று கேட்கிற எல்லாருக்கும் ஒரு கதை வேண்டும், வீட்டில் கஷ்டம், உடம்பு சரியில்லை, காதல், ஏதாவது. என்னிடம் கதை இல்லை. அங்கே உட்கார முடியவில்லை. அவ்வளவுதான். எழுதிப் போட்டதை எழுது, எழுதினதைச் சொல்லு, சொன்னதை மறுபடி எழுது. ஒருநாள் பையை எடுத்துக்கொண்டு வந்துவிட்டேன், அடுத்த நாள் போகவில்லை, அதற்கு அடுத்த நாள் போவது முதல் நாளைவிடக் கஷ்டமாக இருந்தது. மிஸ் வீட்டுக்கே வந்தார். நான் பாத்ரூமுக்குள் போய் தாழ்ப்பாள் போட்டுக்கொண்டேன். அம்மா, "அவ வெளிய போயிருக்காங்க மிஸ்" என்றாள், அந்த நேரம் பார்த்து என் கையிலிருந்து தண்ணீர் மக்கு நழுவி விழுந்தது, அந்தச் சத்தம் தெருவுக்கே கேட்டிருக்கும். மிஸ், "சரிங்க, வந்ததும் சொல்லுங்க" என்று போய்விட்டார். அந்த மிஸ். பஸ் ஸ்டாப்பில் இந்தத் தடவை நானாகப் போய் நின்றேன். "என்னடி பண்றே இப்போ?" என்றார். பழைய சினிமாப் படத்தைச் சுத்தம் பண்ணி எச்டியா ரிலீஸ் பண்றோம் மிஸ், உலகம் பூரா பாக்கறாங்க என்றேன். உலகம் பூரா. வாயைப் பார். எந்தப் படம் என்று கேட்டார், சொன்னேன், அவர் குடையை மடக்கி, என் கையைப் பிடித்தார், வகுப்பில் ஒருத்தியையும் தொட்டுப் பேசாதவர். "அதுல எங்கம்மா இருக்காங்கடி." ராஜாவின் குதிரை கோயில் தெருவுக்குள் வரும்போது பூ வீசுகிற கூட்டத்தில் திரும்பிப் பார்க்கிற ஒருத்தி. கூலிக்கு ஆள் கூட்டிப்போய் நிற்கவைத்தார்கள், பாவாயி என்று பேர், அப்போது கல்யாணம் ஆகவில்லை. மிஸ்ஸுக்கு ஏழு வயதில் மஞ்சள் காமாலையில் போய்விட்டாராம். வீட்டில் ஒரு போட்டோ கிடையாது. எடுக்க வந்தால் எழுந்து சமையலறைக்குப் போய்விடுவாராம், கல்யாணத்திலேயே எடுக்கவிடவில்லையாம். "டிவியில போடறப்பல்லாம் பாப்பேன். இந்தா இங்கதான்னு எனக்குத் தெரியும், ஆனா ஒரு அரிசி சைஸ்ல வெள்ளையா ஏதோ தெரியும், அவ்வளவுதான்." நான் என்ன சொன்னேன்? இமை முடிகூடத் தெரியும் மிஸ், பாருங்க என்றேன். அடுத்த நாளே பென் டிரைவில் போட்டுக் கொண்டுபோய்க் கொடுத்தேன், அந்த ஸ்கூல் கேட்டுக்குள் நுழைந்து, வாட்ச்மேனிடம் பெருமையாக.

அந்தப் பெண்ணை எனக்கு முன்பே தெரியும். குரூப்பில் எல்லாருக்கும் தெரியும். கேமராவைப் பார்க்கிற பொண்ணு. கூட்டத்தில் நிற்கிற யாரும் கேமராவைப் பார்க்கக் கூடாது என்று சொல்லியிருப்பார்கள், அத்தனை பேரும் குதிரையைப் பார்க்கிறார்கள், அவள் மட்டும் பூவை வீசிவிட்டு விசுக்கென்று திரும்பி நேராக நம்மைப் பார்த்துச் சிரிக்கிறாள், ஒரு மூச்சு விடுகிற நேரம், உடனே குதிரை மறைத்துவிடுகிறது. போட்டோவுக்குப் பயந்து சமையலறைக்கு ஓடினவர் இந்தக் கேமராவை ஏன் பார்த்தார்? அதை மிஸ்ஸிடம் கேட்கத் தோன்றியது, கேட்கவில்லை, கேட்பதற்குள் அவரே போன் பண்ணிவிட்டார். "மவுனிகா, அம்மா முகத்துல அம்மைத் தழும்பு இருக்கும்டி. நெறைய. கன்னம் நெத்தி எல்லாம். இதுல ஒண்ணுகூடக் காணோமே." போனைக் காதில் வைத்துக்கொண்டு நான் இதே நாற்காலியில்தான் உட்கார்ந்திருந்தேன். எனக்கு உடனே புரிந்துவிட்டது. யோசிக்க வேண்டியதே இல்லை. முகம் வேகமாகத் திரும்புகிறது, முகத்தோடு தழும்பும் நகர்கிறது, ஒரு பிரேமில் இருந்த இடத்தில் அடுத்த பிரேமில் இல்லை, அப்போ தூசி. அத்தனையும் தூசி. எடுத்தாச்சு. புரிந்த அதே நொடியில் என் வாய் தானாகப் பேசியது. "பிலிம்லயே அப்படித்தாங்க மிஸ் இருக்கு. ரொம்பப் பழசு இல்லீங்களா, வெளுத்துப்போயிருக்கும். புது சாப்ட்வேர் ஒண்ணு வந்திருக்கு, அதைப் போட்டா கொஞ்சம் வரும் மிஸ், நான் ட்ரை பண்றேன்." பிலிம்மேல் பழி போட்டேன். பரணில் கிடந்த பிலிம் வந்து, நான் ஒன்றும் செய்யவில்லை என்று சொல்லப் போகிறதா. "அப்படியா, சரிடி, சனிக்கிழமை நேர்ல வரேன்" என்றார் மிஸ், நம்பின குரலில். நம்பினாரா? மக்கு விழுந்தபோதும் இதே குரல்தான்.

அறுபது. நிற்கிறது. வார்னிங் ஒன்று மஞ்சளில் வந்து போகிறது, பரவாயில்லை, வார்னிங் என்றால் நிற்காது, எரர் வந்தால்தான் நிற்கும். காலையில் ஒரு தடவை எரர் வந்தது, ஏதோ ஒரு லைப்ரரி, துணைக்கு வேண்டிய கோடு, இல்லை என்று, அதைத் தேடிப் போட்டு மறுபடி முதலிலிருந்து. நெற்றியில் வேர்வை. கன்னத்துப் பருவைக் கை தானாகத் தேடிப் போகிறது, கிள்ளாதே என்று அம்மா தினமும் கத்துவாள், கிள்ளுகிறேன். தெரியாமல் நடந்ததுதானே. அவர் மிஸ்ஸுடைய அம்மா என்று எனக்குத் தெரியாது. தழும்பு என்று தெரியாது. சாப்ட்வேர் தூசி என்று சொன்னது. தெரியாது, தெரியாது, தெரியாது, மூன்று தடவை சொன்னால் உண்மையாகிவிடுமா. அந்த பிரேம் எனக்கு ஞாபகம் இருக்கிறது. இதுதான் விடமாட்டேன் என்கிறது. ஐந்து மாதத்தில் எத்தனை ஆயிரம் பிரேம், ஒன்றும் ஞாபகம் இல்லை, இது மட்டும் இருக்கிறது. முகம் முழுக்கச் சிவப்புப் புள்ளி. மற்ற பிரேமில் எல்லாம் வானத்தில், சுவரில், குதிரை மேல் என்று இங்கொன்று அங்கொன்று இருக்கும், இதில் அவள் கன்னத்தில் மட்டும் கொத்தாக. அடுத்த பிரேமிலும் கன்னத்தில். அதற்கடுத்ததிலும். தூசிக்கு ஒரு பெண்ணின் முகம் மட்டும் எப்படிப் பிடித்துப்போகும்? முகம் போகிற இடமெல்லாம் கூடவே எப்படிப் போகும்? எனக்கு அது தோன்றியது. ஒரு நொடி தோன்றியது. ஒவ்வொரு சிவப்பையும் தனித்தனியாகத் தொட்டு, இதை விடு இதை எடு என்று சொல்லவும் முடியும், அந்த வசதி அப்போதே இருந்தது, ஆனால் ஒரு பிரேமுக்கே அரை மணி நேரம் ஆகும். நான் என்ன நினைத்தேன் என்றால், எவ்வளவு அசிங்கமான மூஞ்சி. அதுதான். வார்த்தையாகவே நினைத்தேன். பிறகு சரி என்று அழுத்தினேன், அவள் பளபளவென்று வந்தாள், எனக்கு அவ்வளவு சந்தோஷமாக இருந்தது. என் போனில் என் படத்தை எடுத்தால் நான் முதலில் செய்வதும் அதுதானே, விரலால் ஒரு இழுப்பு, பரு போச்சு, குழி போச்சு, குரூப்பில் இருக்கிற என் முகமே அப்படிப்பட்ட முகம்தான். அதே கையோடு பாவாயியையும் ஒரு இழுப்பு.

அதோடு விட்டிருந்தாலும் பரவாயில்லை. பாதி முகம் முன்னால், பாதி முகம் பின்னால் என்று நடுவில் கோடு போட்டு ஒரு படம் செய்து குரூப்பில் போட்டேன். மேலே, "அக்காவுக்கு மூஞ்சி கழுவி விட்டாச்சு" என்று எழுதினேன். சிரிப்பு சிரிப்பாக விழுந்தது. ஒருத்தர், எந்தச் சோப்பு தங்கச்சி என்று கேட்டார். நான் ஒரு சோப்பு பேர் சொன்னேன், இன்னும் சிரிப்பு. தியாகு அண்ணன் அந்தப் படத்தையே குரூப்புக்கு முகப்பாக வைத்தார். இன்னும் அதுதான் இருக்கிறது. தினமும் திறக்கும்போது முதலில் அதுதான் வருகிறது, இடது பக்கம் குழி குழியாகச் சிரிக்கிற ஒரு கண், வலது பக்கம் வழுவழுவென்று சிரிக்கிற இன்னொரு கண். மிஸ் அந்தக் குரூப்பில் இல்லை. யாராவது காட்டினால்? ஸ்கூல் பையன்கள் எல்லாம் இருக்கிற குரூப்தானே. நான் அழித்தால் தியாகு அண்ணன் ஏன் என்று கேட்பார். கேட்டால் என்ன சொல்வேன். ரிலீஸில் தப்பு இருக்கிறது என்றா? மெழுகு பொம்மை என்று சிரித்தவள் நான். நான் செய்ததும் அதுதான் என்று எல்லாருக்கும் தெரியட்டும் என்றா? முன்னறையில் அம்மா யாரிடமோ போனில், "அவளா, ஆமா, கம்ப்யூட்டர்லதான் ஏதோ பெரிய வேலை பண்றா" என்கிறாள். சொல்லாதேம்மா. பெரிய வேலை என்று சொல்லாதே.

எழுபத்திரண்டு. இப்போது இதையும் சொல்லிவிடுகிறேன், யாரிடம் சொல்கிறேன் என்று தெரியாமல். இந்த கம்பைல் எனக்குத் தேவையே இல்லை. சுத்தம் பண்ணாத ஸ்கேன், பாவாயியின் குழி குழியான முகத்தோடு, பீரோ மேல் துண்டில் சுற்றி வைத்திருக்கிற ஹார்ட் டிஸ்கில் பத்திரமாக இருக்கிறது. மிஸ் வந்ததும் அதை மாட்டி, இந்தாங்க மிஸ் என்று காட்டலாம், ஒரு நிமிஷ வேலை. ஆனால் காட்டினால் பிலிம் வெளுத்துப்போனது என்று சொன்னது பொய்யென்று தெரிந்துவிடும். புது வெர்ஷனில் முகத்தை அதுவே கண்டுபிடித்து, தொடாமல் விட்டுவிடும் என்று போட்டிருந்தார்கள். அதை ஓட்டி, தூசி மட்டும் போன, தழும்பு இருக்கிற ஒன்றைச் செய்து, பாருங்க மிஸ், புது சாப்ட்வேர் வெளுத்ததைக் கொண்டுவந்திருச்சு என்று சொல்லலாம். அதற்காகத்தான் காலையிலிருந்து இந்தப் பெட்டி வேகிறது. ஒரு பொய்யை நிற்கவைக்க இத்தனை ஃபைல், இத்தனை சூடு. யாரோ இலவசமாக எழுதிக் கொடுத்த நல்ல காரியத்தை நான் ஒளிந்துகொள்ள பாத்ரூமாக ஆக்கிக்கொண்டிருக்கிறேன். ஓடு, ஓடு, முடி. எண்பது வந்துவிட்டது. முடிந்தால் மிஸ் சந்தோஷப்படுவார், என்னைப் பாராட்டுவார், எவ்வளவு கெட்டிக்காரி நீ என்பார், பாராட்டினால் நான் எந்தப் பக்கம் பார்ப்பது. எரர் வந்தால் தேவலை. எரர் வரட்டுமே. வராது. இன்றைக்கு என்று பார்த்து ஒழுங்காக ஓடுகிறது. வாசலில் செருப்புக் கழற்றுகிற சத்தம்.

"வாங்க மிஸ், உள்ள வாங்க. இதென்னத்துக்குங்க மிஸ் வாங்கிட்டு வந்தீங்க" என்று அம்மா எழுந்திருக்கிறாள். தட்டுவடை செட்டு, வழியில் வாங்கினாராம், பேப்பரைத் தாண்டிச் சட்னி வாசம் வருகிறது. "பசிக்கும்னு வாங்கினேங்க. ஸ்பெஷல் கிளாஸ் வெச்சு உயிரை எடுத்துட்டாங்க. எங்க அவ, இன்னிக்கும் பாத்ரூமா?" அம்மா விழுந்து விழுந்து சிரிக்கிறாள். அப்போ மிஸ்ஸுக்குத் தெரியும். எல்லாம் தெரியும். எழுந்து நின்றேன். மிஸ் வெயிலில் கறுத்து, புடவையில் சாக்பீஸ் பொடியோடு, என் அறைக்குள் வந்து அந்தக் கறுப்புத் திரையைப் பார்த்தார். "இதுதான் அந்தப் புது சாப்ட்வேரா? முடிஞ்சுதாடி?" தொண்ணூற்று மூன்று. இன்னும் கொஞ்சம்தான். ஒரு டீ போட்டுக் கொடுத்தால் முடிந்துவிடும். நான் டீ என்று சொல்லத்தான் வாயைத் திறந்தேன். கை கன்ட்ரோலையும் சி-யையும் சேர்த்து அழுத்தியது. எழுத்து நின்றது, கம்பைல் அறுந்தது. ஃபேன் கொஞ்சம் கொஞ்சமாக அடங்கியது, அடங்கினதும் அறை பெரிசாகிவிட்ட மாதிரி இருந்தது. "இது வேண்டாங்க மிஸ். இது இல்லாமயே உங்கம்மா இருக்காங்க. பிலிம் வெளுக்கல. நான் பொய் சொன்னேன்." பீரோ மேலிருந்து டிஸ்கை எடுத்தேன், துண்டு கீழே விழுந்தது, மாட்டினேன், அந்த பிரேமைத் திறந்தேன். கீறலும் தூசியும் ஓரத்தில் பூஞ்சையும், நடுவில் அவர், பூ வீசின கை இன்னும் காற்றில், முகம் முழுக்கத் தழும்பு, அதற்குள்ளிருந்து சிரிப்பு.

மிஸ் கண்ணாடியைக் கழற்றி முந்தானையில் துடைத்து மறுபடி போட்டுக்கொண்டு நாற்காலியில் உட்கார்ந்தார். நான் நின்றேன். அம்மா வாசலிலிருந்து எட்டிப் பார்த்தாள். "யாருங்க மிஸ் இது?" "எங்கம்மாங்க." "அட, உங்க நெத்தியேதான்" என்றாள் அம்மா, அப்புறம் எதையோ புரிந்துகொண்ட மாதிரி டம்ளரை எடுக்கப் போய்விட்டாள். மிஸ் திரையிலிருந்து கண்ணை எடுக்காமல் கேட்டார். "அப்போ அதுல எப்படிடி போச்சு? சாப்ட்வேர் அழிச்சிருச்சா?" ஆமாம் என்று சொல்லியிருக்கலாம். அது பாதி உண்மை. "அது கேட்டுச்சுங்க மிஸ். சிவப்பா காட்டிக் கேட்டுச்சு. நான்தான் எடுன்னு அழுத்தினேன்." "பாக்காம அழுத்திட்டியா?" "பாத்தேங்க மிஸ். பாத்துட்டுத்தான் அழுத்தினேன்." மூஞ்சி கழுவி விட்டதைச் சொல்லவில்லை. வாய்வரைக்கும் வந்தது, அதை மட்டும் சொல்லவில்லை. மிஸ் திட்டட்டும் என்று காத்திருந்தேன், வகுப்பில் திட்டினால் தலைகுனிந்து நிற்கத் தெரியும், அதற்கு எனக்குப் பழக்கம் உண்டு. "ஸ்டாஃப் ரூம் டிவியில போட்டுக் காட்டினேன்" என்றார். "எல்லாரும் பாத்தாங்க. 'மிஸ், உங்கம்மா ஹீரோயின் மாதிரி இருக்காங்களே, ஏன் போய் கூட்டத்துல நிக்கவெச்சாங்க'ன்னு கெமிஸ்ட்ரி மிஸ் கேட்டாங்க. நான் சிரிச்சேன்டி. ஆமால்ல, அப்படின்னேன். தழும்பைப் பத்தி வாயே தொறக்கல. ரெண்டு தடவை போட்டுக் காட்டினேன்." கண்ணாடியை மறுபடி கழற்றினார், துடைக்கவில்லை, கையிலேயே வைத்துக்கொண்டார். "வீட்டுக்குப் போனப்புறம்தான் உனக்கு போன் பண்ணினேன்." அவர் இதைச் சொன்னதால் எனக்கு லேசாகிவிடவில்லை. அந்தத் தப்புக்குள் என் பக்கத்தில் இன்னொருத்தர் வந்து உட்கார்ந்த மாதிரி இருந்தது, அவ்வளவுதான், இடம் இன்னும் நெருக்கடியாகத்தான் இருந்தது.

"இதை விட்டுட்டு மத்ததை மட்டும் எடுக்க முடியாதா?" முடியும் மிஸ், ஆனா கையால பண்ணணும், ஒவ்வொரு புள்ளியா. "பண்ணு. எது எதுன்னு நான் சொல்றேன்." பழைய சாப்ட்வேரையே திறந்தேன். சிவப்பு வந்தது, முகம் முழுக்க, மிஸ் ஒரு முறை மூச்சை இழுத்துக்கொண்டார், அவ்வளவுதான். அடுத்த பிரேமுக்குப் போய் வந்து காட்டினேன், முகத்தோடு கூடவே வருவது அம்மா, வராதது தூசி. மிஸ்ஸுக்கு அது உடனே பிடிபட்டது, ஆனால் அவர் திரையைவிட அதிகமாகத் தன் கன்னத்தைத்தான் தொட்டுப் பார்த்தார். "காதுக்குப் பக்கத்துல ஒண்ணு ஆழமா இருக்கும். அதுல என் விரல் நுனி போகும். தூங்க வைக்கறப்ப அதுலயே விரலை வெச்சிட்டிருப்பேன். ஆங், அதுதான், அதை விடு. இதை எடு, இது அம்மா இல்ல. இதுவும் இல்ல. புருவத்துக்கு மேல, அது அம்மா." நான் தொட்டுத் தொட்டுச் சிவப்பைக் கழற்றினேன். என் அம்மா டீ கொண்டுவந்து வைத்தாள், ஆடை படிந்தது, ஒருவரும் எடுக்கவில்லை. உதட்டுக்குக் கீழே ஒன்று வந்தது. சின்னது. முந்தின பிரேமில் இருக்கிற மாதிரி இருந்தது, இல்லாத மாதிரியும் இருந்தது, பிந்தினதில் முகம் திரும்பிவிட்டதால் அந்த இடமே தெரியவில்லை. முன்னும் பின்னும் போய் வந்தேன், பெரிதாக்கினேன், அப்போதும் தெரியவில்லை. இது மிஸ்? மிஸ் கிட்டே குனிந்து பார்த்தார், விரல் தன் உதட்டுக்குக் கீழே போய் நின்றது, அங்கே தேடியது. "தெரியலடி" என்றார். "எனக்கு ஞாபகம் இல்ல." தூசியாத்தான் மிஸ் இருக்கும், பொதுவா இந்த மாதிரி வந்தா, என்று ஆரம்பித்து வாயை மூடிக்கொண்டேன். மிஸ் அந்தப் புள்ளியையே பார்த்துக்கொண்டிருந்தார். "இருக்கட்டும்" என்றார், "விட்டுடு." விட்டுவிட்டேன்.